புருவத்தில் ஊசி, கண்ணில் லேசர்: எது முதலில்?

ஆடி பிறந்த வாரத்தில் சித்தி மகள் போன் செய்தாள். தை கடைசியில் அவளுக்குக் கல்யாணம். அதற்குள் முடித்தாக வேண்டிய காரியங்களில் இரண்டு முகத்தைப் பற்றியவை. பத்தாம் வகுப்பிலிருந்து மூக்கின் மேல் உட்கார்ந்திருக்கும் கண்ணாடியை லேசிக் செய்து கழற்றிவிட வேண்டும். வால் பக்கம் முடியே இல்லாத புருவத்துக்கு, ஊசியால் கீறி நிறம் ஏற்றும் மைக்ரோபிளேடிங் செய்துகொள்ள வேண்டும். "கண்ணுக்கு லேசர் அடிச்சா புருவத்துல போட்ட கலர் போயிடுமாக்கா?" என்று கேட்டாள்.

கேள்வியோடு மூன்று பதில்களையும் அவளே சேகரித்து வைத்திருந்தாள். தோழி சொன்னது: கலர் போய்விடும், அதனால் லேசிக்கை முதலில் முடி. பார்லர்க்காரம்மா சொன்னது: எது முதலில் என்றாலும் ஒரு வாரம் இடைவெளி போதும். மாமா சொன்னது: முகத்தில் பச்சை குத்தியவர்களுக்கு லேசிக்கே செய்ய மாட்டார்கள்.

மூன்றும் தப்பு. அவளுக்கு அன்றைக்குப் போனில் சொன்னதைத்தான் கொஞ்சம் நிதானமாக இங்கே எழுதுகிறேன். நான் மருத்துவர் இல்லை. லேசிக் செய்துகொண்டு ஆறு வருஷம் ஆன ஆள். தேதி குறிப்பதில் கடைசி வார்த்தை உங்கள் கண் மருத்துவருடையது. அவர் சொல்வது ஏன் என்று புரிந்தால் போதும் என்பதுதான் இந்தக் கட்டுரையின் நோக்கம்.

எந்த லேசர்?

நம் வீடுகளில் "லேசர்" என்ற சொல்லைக் கண்டபடி புழங்குகிறோம். "அப்பாவுக்கு லேசர்ல கண்புரை எடுத்தாங்க" என்போம். பெரும்பாலும் அங்கே லேசரே இருக்காது. சின்னத் துளை போட்டு, புரையை மீயொலி அதிர்வால் உடைத்து உறிஞ்சி எடுப்பார்கள். தையல் இல்லை, அன்றே வீட்டுக்கு வந்தாயிற்று, அதனால் அது நமக்கு லேசர்.

இரண்டாவது, கண்ணாடி பவரை எடுக்கும் லேசர். லேசிக் என்பது இது. மூன்றாவது, தோல் கிளினிக்குகளில் பச்சை குத்தியதை அழிக்கும் லேசர். தோலுக்குள் கிடக்கும் மையைக் குறிவைத்து உடைக்கிற கருவி அது.

சித்தி மகளின் தோழி இரண்டாவதையும் மூன்றாவதையும் ஒன்றாக்கிவிட்டாள். லேசிக் லேசர் விழுவது கண்ணின் நடுவில், ஒரு சட்டைப் பொத்தானைவிடச் சின்ன வட்டத்தில். புருவத்தை அது எட்டிக்கூடப் பார்ப்பதில்லை. ஆக, கலர் போகாது. அப்படியானால் பிரச்சினையே இல்லையா? இருக்கிறது, வேறு இடத்தில்.

கண்ணில் என்ன செய்கிறார்கள்

கைக்கடிகாரத்தின் முன்னால் ஒரு கண்ணாடி இருக்குமே, அதுபோல விழியின் முன்னால் நிறமில்லாத ஒரு கூரை இருக்கிறது. பெயர் கார்னியா, தமிழில் கருவிழிப்படலம். கண்ணுக்குள் நுழையும் ஒளி முதலில் வளைவது இங்கேதான், அதிகமாக வளைவதும் இங்கேதான். இதன் வளைவு கண்ணின் நீளத்தோடு ஒத்துப்போகவில்லை என்றால் உருவம் விழித்திரையில் கூர்மையாக விழாது. கண்ணாடி போடுவது அந்தக் குறையை வெளியிலிருந்து சரிசெய்வது. லேசிக் செய்வது கூரையையே இழைத்துவிடுவது.

இழைப்பது என்றால் எவ்வளவு? நடுக் கார்னியாவின் தடிமன் சுமார் 540 மைக்ரான். ஒரு மில்லிமீட்டரை ஆயிரமாகப் பிரித்தால் வரும் ஒரு பங்குதான் மைக்ரான். ஆகக் கூரை முழுவதுமே அரை மில்லிமீட்டர் சொச்சம். கண்ணாடிக் கடையில் "மைனஸ் நாலு" என்கிறார்களே, அந்த எண்ணின் அலகு டயாப்டர். ஒரு டயாப்டரைக் குறைக்கத் தோராயமாக 12 முதல் 15 மைக்ரான் வரை எடுக்க வேண்டும். மைனஸ் நாலுக்கு 50, 60 மைக்ரான். தலைமுடி ஒன்றின் தடிமன் அளவு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவு நுணுக்கமாகச் செதுக்கும் கருவி எக்சைமர் லேசர். 193 நானோமீட்டர் அலைநீளம் கொண்ட புற ஊதா ஒளி. ஒவ்வொரு துடிப்பும் கால் மைக்ரான் அளவுக்குத் திசுவை ஆவியாக்குகிறது, பக்கத்தில் இருப்பதைச் சுடாமல். இந்த லேசரால் திசுவைச் சுடாமல் வெட்டலாம் என்று கண்டுபிடித்த மூவரில் ஒருவர் நம்மூர்க்காரர் என்பதைச் சொல்லாமல் தாண்ட மனமில்லை. ரங்கசாமி சீனிவாசன், சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் படித்து அமெரிக்காவுக்குப் போனவர், ஐபிஎம் ஆய்வகத்தில் வேலை பார்த்தார். 1981 நவம்பரில், நன்றி நவிலும் நாள் விருந்தில் மிஞ்சிய வான்கோழியை மறுநாள் ஆய்வகத்துக்கு எடுத்துப் போய் அதன் மீது இந்த லேசரைப் பாய்ச்சிப் பார்த்தார். தீய்ந்த தடம் இல்லாமல் சுத்தமான வெட்டு விழுந்தது. கூட உழைத்த வின், பிளம் இருவரோடும் சேர்த்து அவருக்கு 2013-ல் ஒபாமா கையால் தேசியப் பதக்கம் கிடைத்தது. வான்கோழிக்கு ஒன்றும் கிடைக்கவில்லை.

நம் விஷயத்துக்கு முக்கியமானது அடுத்தது. லேசர் நேராகக் கார்னியாவின் மேற்பரப்பில் விழுவதில்லை. முதலில் மேலே சுமார் 100 மைக்ரான் தடிமனில் ஒரு மெல்லிய மூடி வெட்டுகிறார்கள். முழு வட்டமாக வெட்டாமல் ஒரு பக்கம் கீல் போல விட்டுவிடுவார்கள். இந்த மூடிக்கு மடல் என்று பெயர். மடலைத் திறந்து, அடியில் லேசரைப் பாய்ச்சி, மறுபடி மூடி, நீவி விடுகிறார்கள். தையலும் கிடையாது, பசையும் கிடையாது.

பிறகு எது பிடித்துக்கொண்டிருக்கிறது? ஈர வெற்றிலை இரண்டை ஒன்றின் மேல் ஒன்றாக வைத்துப் பாருங்கள். தூக்கினால் பிரியாது, விரலால் பக்கவாட்டில் தள்ளினால் நழுவும். மடலும் முதல் சில மணி நேரம் இப்படித்தான். ஒரு நாளுக்குள் ஓரத்தில் மேற்பரப்புச் செல்கள் வளர்ந்து மூடிவிடும். வாரங்கள் போகப்போகப் பிடிமானம் கூடும். ஆனால் வெட்டாத கார்னியாவின் பலம் அந்த இடத்துக்குத் திரும்பி வருவதே இல்லை. லேசிக் முடிந்து பல வருஷம் கழித்துக்கூட, விரல் நகமோ பந்தோ பலமாகப் பட்டு மடல் விலகிய சம்பவங்கள் மருத்துவ இதழ்களில் இருக்கின்றன. அரிது, ஆனால் நடந்திருக்கிறது.

மடல் வெட்டும்போது இன்னொன்றும் அறுபடுகிறது: நரம்புகள். கார்னியாவில் உணர்வு நரம்புகள் தோலில் இருப்பதைவிடப் பல நூறு மடங்கு நெருக்கம். ஒரு தூசி விழுந்தால் ஊரைக் கூட்டுவது அதனால்தான். லேசிக்கில் அந்தக் கம்பிகள் அறுந்து, திரும்ப வளர மாதக்கணக்காகும். அதுவரை கண்ணுக்கு உணர்ச்சி கொஞ்சம் மட்டம். கண்ணீர் குறைவாகச் சுரக்கும், இமைப்பது குறையும், கண் வறண்டு உறுத்தும். பெரும்பாலானவர்களுக்கு மூன்றிலிருந்து ஆறு மாதத்தில் சரியாகிவிடும்.

இதுவரை வந்ததைச் சுருக்கினால்: லேசிக் முடிந்த கண் வெளிப்பார்வைக்கு ஒரு வாரத்தில் சாதாரணமாகிவிடும். உள்ளே அது தையல் போடாத காயம், அதிலும் வலியைச் சொல்லும் மணி பாதி கழற்றப்பட்ட காயம். இந்த இரண்டாவது பாதியை மறக்க வேண்டாம், திரும்ப வருவோம்.

புருவத்தில் என்ன செய்கிறார்கள்

மருதாணி இரண்டு மூன்று வாரத்தில் மங்கிவிடுகிறது. பாட்டியின் முன்கையில் குத்திய பச்சை அவர் காலம் முழுக்கக் கிடந்தது. வித்தியாசம் மையில் இல்லை, ஆழத்தில். தோலின் மேலடுக்கு மேல்தோல். காகிதம் போல மெல்லியது, மாதத்துக்கு ஒருமுறை போல உதிர்ந்து புதிதாக வளர்வது. மருதாணிச் சாயம் அதில்தான் ஏறுகிறது, அதோடு உதிர்கிறது. அதற்கு அடியில் இருப்பது உள்தோல், அது உதிராது. ஊசி அங்கே மையை இறக்கினால், உடம்பின் காவல் செல்கள் "இது என்ன வெளிச்சரக்கு" என்று விழுங்கி வைத்துக்கொள்ளும். விழுங்கிய செல் செத்தால் அடுத்த செல் வந்து அதே மையை விழுங்கும். பச்சை நிலைப்பது இந்தக் கைமாற்றத்தால்தான்.

மைக்ரோபிளேடிங் இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. பேனா மாதிரி ஒரு பிடி, அதன் நுனியில் வரிசையாக நுண்ணூசிகள். உள்தோலின் மேல் விளிம்பு வரைக்கும் மட்டும் இறங்கும்படி, முடி முடியாகக் கீறி, கீறலில் நிறத்தைத் தேய்க்கிறார்கள். ஆழம் குறைவு என்பதால் ஒன்றிரண்டு வருஷத்தில் மங்கும். மங்கும் என்பதற்காக இது காயம் இல்லை என்று ஆகிவிடாது. திரெடிங் செய்யும்போது முடிதான் போகிறது. இங்கே தோல் கிழிகிறது, நூற்றுக்கணக்கான மெல்லிய கோடுகளாக.

அந்தக் காயம் ஆறும் விதம் தெரிந்தால் தேதி குறிப்பது சுலபம். முதல் இரண்டு நாள் சிவப்பும் லேசான வீக்கமும். நாலாம் நாள் வாக்கில் பொருக்கு தட்டும், பத்தாம் நாளுக்குள் அது உதிரும். உதிரும் நேரத்தில் அரிக்கும், சொறியக்கூடாது. உதிர்ந்ததும் "கலரே நிக்கலையே" என்று எல்லோரும் ஒருமுறை பதறுவார்கள். புதுத் தோல் தெளிந்து நிறம் மேலே தெரிய நாலிலிருந்து ஆறு வாரம் வேண்டும். அப்புறம், பலர் கணக்கில் விடுவது: ஆறு முதல் எட்டு வாரத்தில் இரண்டாம் அமர்வு, பார்லர் மொழியில் டச்சப். விட்டுப்போன இடங்களில் மறுபடி கீறுவார்கள். அதாவது மறுபடி காயம், மறுபடி பொருக்கு. புருவ வேலை ஒரு நாள் வேலை இல்லை, இரண்டு காயம் கொண்ட இரண்டரை மாத வேலை.

உரசல் எங்கே வருகிறது

இப்போது இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். இரண்டு புண்கள், நடுவில் இரண்டு விரற்கடைகூட இல்லை. ஒன்று தோலில், இன்னொன்று விழியில். மேலே இருப்பது எதுவானாலும் கீழேதான் வழியும்.

என் கணக்கில் முதலில் பயப்பட வேண்டியது ஊசியில்லை, கிரீம். புருவத்தைக் கீறுவதற்கு முன் மரத்துப்போக ஒரு கிரீம் தடவி அரை மணி நேரம்போல விடுவார்கள். லிடோகைன், பிரிலோகைன் போன்ற மருந்துகள் கலந்தவை இவை. இவற்றில் பரவலாகப் புழங்கும் ஒரு வகை காரத்தன்மை உள்ளது, ஏறக்குறைய குளியல் சோப்பு அளவுக்கு. காரம் கண்ணுக்கு ஏன் ஆகாது என்பது வெற்றிலைப் பெட்டி இருந்த வீட்டுக்காரர்களுக்குத் தெரியும். குழந்தை கண்ணில் சுண்ணாம்பு பட்டால் என்ன ஆகும் என்று பார்த்திருப்பார்கள். கிரீம் சுண்ணாம்பு அளவுக்கு மோசமில்லை. ஆனால் அதில் ஒரு சூது இருக்கிறது. சோப்பு கண்ணில் பட்டால் எரியும், உடனே ஓடிப்போய்க் கழுவுவோம். மரத்துப்போகும் கிரீம் பட்டால் முதலில் கொஞ்சம் எரியும், பிறகு கண்ணையே மரக்க வைத்துவிடும். "சரியாப் போச்சு" என்று படுத்திருப்போம். காரம் பாட்டுக்கு கார்னியாவின் மேற்பரப்பை அரித்துக்கொண்டிருக்கும். மருந்து தீர்ந்து உணர்வு வரும்போதுதான் கண் திறக்க முடியாத வலி. இப்படிக் கார்னியா புண்பட்டவர்களைப் பற்றி மருத்துவப் பதிவுகள் உண்டு, லேசிக் செய்யாத கண்களிலேயே. லேசிக் முடிந்த கண்ணில் மணி ஏற்கெனவே பாதி கழற்றப்பட்டிருக்கிறது என்றோமே, கிரீம் மீதிப் பாதியையும் கழற்றுகிறது.

அடுத்தது கை. புருவத்தில் கீறும்போது தோல் தொய்யக்கூடாது. அதனால் இடக்கை விரல்களால் நெற்றியையும் இமையையும் இழுத்துப் பிடித்துக்கொண்டு வேலை செய்வார்கள். உள்ளங்கையின் ஓரம் மூடிய கண் மேல் படியும். நனைத்த பஞ்சால் துடைத்துக்கொண்டே இருப்பார்கள். இது இரண்டு மணி நேரம் நடக்கும். மடல் இன்னும் ஈர வெற்றிலை நிலையிலிருந்து முழுசாக வெளியே வராத கண்ணுக்கு இது தேவையில்லாத சோதனை.

மூன்றாவது, இரண்டு வீட்டுப் பத்தியங்களின் சண்டை. லேசிக் செய்தவரிடம் கண்ணுக்குள் தண்ணீர், களிம்பு எதுவும் போகக்கூடாது என்பார்கள். புருவம் போட்டவரிடம் தினம் மெல்லத் துடைத்துக் களிம்பு தடவு என்பார்கள். உடம்புச் சூட்டில் களிம்பு உருகி எங்கே வரும்? இன்னொன்றும் இருக்கிறது; அனுபவித்தவர்களுக்குத்தான் தெரியும். லேசிக்குக்குப் பின் முதல் சில இரவுகள், தூக்கத்தில் கண்ணைக் கசக்கிவிடாமல் இருக்க ஓட்டை போட்ட பிளாஸ்டிக் மூடி ஒன்றைக் கண் மேல் வைத்து டேப் ஒட்டச் சொல்வார்கள். டேப்பின் ஒரு முனை கன்னத்தில், இன்னொரு முனை நேராகப் புருவத்தின் மேல். எனக்குப் புருவ முடி நாலைந்து தினமும் டேப்போடு வந்தது. அங்கே புதுப் பொருக்கு இருந்தால் அதுவும் வரும், காசு கொடுத்துப் போட்ட நிறத்தோடு சேர்த்து.

நான்காவது கிருமி. பொருக்குத் தட்டிய தோல் கிருமிகளுக்கு நல்ல குடியிருப்பு. அறுவைக்கு முன் கண்ணைச் சுற்றிப் போவிடோன் அயோடின் என்ற பழுப்பு மருந்தால் துடைப்பார்கள். பொருக்குக்கு அடியில் இருப்பதை அது முழுசாக எட்டாது. பச்சை மையிலேயே கிருமி இருந்த கதையும் உண்டு. நியூயார்க் மாநிலத்து ராச்செஸ்டரில் 2011-12 வாக்கில் ஒரே சாம்பல் நிற மையால் 19 பேருக்குத் தோலில் தொற்று வந்தது. காரணம் மைக்கோபாக்டீரியம் செலோனே என்ற, தண்ணீரில் வாழும் கிருமி. காசநோய்க் கிருமியின் தூரத்துச் சொந்தம், மெதுவாக வேலை காட்டுவது. லேசிக்குக்குப் பின் அபூர்வமாக மடலுக்கு அடியில் வருகிற தொற்றுகளிலும் இதே குடும்பத்தின் பெயர் அடிக்கடி அடிபடுகிறது. அங்கே போய்விட்டால் சொட்டு மருந்துக்குச் சுலபமாக மசியாது. புருவத்து மையிலிருந்து நேராகக் கண்ணுக்குப் போகும் என்று நான் சொல்லவில்லை. பார்லரில் "ஒரு வாரம் போதும்" என்பது ஏன் போதாது என்பதற்குச் சொல்கிறேன்: ஒரு வாரத்தில் பொருக்கே உதிர்ந்திருக்காது, இந்த மாதிரி மெதுவான தொற்று தலைகாட்டியும் இருக்காது.

ஆக, லேசரும் மையும் மோதவில்லை. மோதுவது கிரீமும் கையும் களிம்பும் டேப்பும். இவை எல்லாமே நாள் கடந்தால் தீர்கிற பிரச்சினைகள். மாமா சொன்னதும் அதனால்தான் தப்பு. ஆறிப்போன புருவம் லேசிக்குக்குத் தடையே இல்லை.

சரி, எது முதலில்?

இரண்டும் செய்தே தீருவேன் என்றால் புருவம் முதலில் என்பதுதான் என் கட்சி. வெட்டாத கண்ணின் மேல் கிரீம் வழிவதும் கெடுதல்தான், ஆனால் வெட்டிய கண்ணின் மேல் வழிவதைவிடக் கெடுதல் குறைவு. புருவம் ஆறிவிட்டால் அது லேசிக்குக்கு எந்தத் தொந்தரவும் கொடுக்காது. மாற்றிச் செய்தால், அறுவை ஆன கண்ணை மறுபடி மேஜையில் கிடத்த வேண்டியிருக்கிறது.

கணக்கு இப்படி. முதல் அமர்வு, ஆறு வாரம் கழித்து டச்சப், டச்சப்புக்குப் பின் முழுசாக நாலு வாரம். மொத்தம் பத்து வாரம். அதன்பின் லேசிக். டச்சப்பை லேசிக்குக்கு அடுத்த வாரம் வைத்துக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள், அதுவும் முழுக் காயம்தான்.

தலைகீழாக, லேசிக் முதலில் என்றால் குறைந்தது ஒரு மாதம் என்று சிலர் சொல்வார்கள். மூன்று மாதம் விடுவது நல்லது என்று எனக்குத் தோன்றுகிறது, வறட்சியும் உணர்வுக் குறைவும் ஓரளவு தணியும் காலம் அதுதான். கண் இன்னும் வறண்டிருந்தால், சொட்டு மருந்து இன்னும் ஓடிக்கொண்டிருந்தால், மூன்று மாதம் ஆனாலும் ஆகவில்லை என்றே பொருள்.

லேசிக் தவிர இரண்டு முறைகள் புழக்கத்தில் இருக்கின்றன. பிஆர்கே என்பதில் மடல் கிடையாது. மேல் செல்களை நீக்கிவிட்டு நேராக லேசர். மடல் விலகும் பயம் இல்லை, ஆனால் மேற்பரப்பு மூடவே நாலைந்து நாள், ஸ்டீராய்டு சொட்டு வாரக்கணக்கில், சிலருக்கு மாதக்கணக்கில். சொட்டு நிற்கும்வரை புருவத்தை மறந்துவிடுங்கள். ஸ்மைல் என்பதில் இரண்டு முதல் நாலு மில்லிமீட்டர் கீறல் வழியாக உள்ளிருந்து ஒரு மெல்லிய வில்லையை உருவி எடுக்கிறார்கள். நரம்புச் சேதம் குறைவு, மடல் இல்லை. அதற்காக அடுத்த வாரமே பார்லர் என்று கிளம்பலாகாது. கிரீமும் கிருமியும் அங்கேயும் அதேதான்.

கல்யாணப் பெண்களுக்கு ஒரு தனிக் குறிப்பு. முகப்பருவுக்கு ஐசோட்ரெடினோயின் மாத்திரை சாப்பிடுகிறவர்கள் இரண்டு இடத்திலும் அதைச் சொல்ல வேண்டும். தோலையும் கண்ணையும் ஒருசேர வறட்டும் மருந்து அது. கண் மருத்துவரும் தள்ளிப்போடச் சொல்வார், ஒழுங்கான புருவக் கலைஞரும் மாதக்கணக்கில் தள்ளிப்போடச் சொல்வார். கான்டாக்ட் லென்ஸ் போடுகிறவர்கள் புருவ அமர்வுக்கு லென்ஸோடு போகக்கூடாது, கிரீம் லென்ஸுக்கு அடியில் தங்கினால் கழுவினாலும் போகாது. லேசிக் அளவெடுக்கவும் மென் லென்ஸை ஒன்றிரண்டு வாரம் முன்பே நிறுத்தச் சொல்வார்கள், லென்ஸ் கார்னியாவின் வடிவத்தையே கொஞ்சம் மாற்றிவிடும் என்பதால்.

லேசிக் ஏற்கெனவே முடிந்துவிட்டதா?

பெரும்பாலோர் இந்த வகைதான். வருஷங்கள் ஓடிவிட்டன, இப்போது புருவம் செய்ய ஆசை. தாராளமாகச் செய்யலாம். பார்லரில் உட்கார்ந்ததும் முதல் வார்த்தையாக "எனக்கு லேசிக் ஆகியிருக்கு" என்று சொல்லுங்கள். "அதுக்கென்ன?" என்று கேட்டால் அந்த இடத்தை விட்டு எழுந்து வருவது உத்தமம். கேட்க வேண்டியது கொஞ்சம்தான்: கிரீம் கெட்டியாக இருக்கட்டும், எலும்பு மேட்டுக்குக் கீழே இறங்க வேண்டாம், எடுக்கும்போது முதலில் உலர்ந்த பஞ்சால் வழித்துவிட்டு அப்புறம் ஈரப் பஞ்சு. ஈரத்தை முதலில் வைத்தால் கிரீம் கரைந்து கண் ஓரத்துக்கு ஓடும். துடைக்கும் கை மூக்கிலிருந்து காதுப் பக்கம் போகட்டும், கண்ணை நோக்கி அல்ல. கண்ணை அழுத்த வேண்டாம்.

எவ்வளவு ஜாக்கிரதையாக இருந்தும் ஏதோ கண்ணுக்குள் போய்விட்டது என்று தோன்றினால் உடனே நிறுத்தச் சொல்லிவிட்டு, கசக்காமல், சுத்தமான நீரோ சலைனோ விட்டுப் பதினைந்து நிமிஷம் தொடர்ந்து கழுவுங்கள். எரிச்சல் அடங்கிவிட்டதே என்று வீட்டுக்குப் போய்விடாதீர்கள். அடங்கியது ஏன் என்று மேலே பார்த்தோம். அன்றைக்கே கண் மருத்துவரிடம் காட்டிவிட வேண்டும்.

சாதாரண திரெடிங் பற்றியும் கேட்பார்கள். தோல் கிழிவதில்லை, இழுபடுவது மட்டும்தான். லேசிக்குக்குப் பின் இரண்டு வாரமாவது விடுங்கள். கண் மையும் மஸ்காராவும் அதே கணக்கு.

புருவம் போட்டால் ஐலைனர் இலவசம்

இந்த மாதிரி ஜோடிச் சலுகை இப்போது நிறைய. புருவத்துக்குச் சொன்னதெல்லாம் இமை விளிம்புக்குப் பொருந்தாது. அது வேறு கதை. இமையின் ஓரத்தில், முடிகளுக்கு உள்பக்கமாக, வரிசையாக எண்ணெய்ச் சுரப்பிகள் இருக்கின்றன. பெயர் மெய்போமியன் சுரப்பி. கண்ணீர் சட்டென்று காய்ந்துவிடாமல் மேலே ஓர் எண்ணெய்ப் பூச்சு போடுவது இவற்றின் வேலை. ரசத்தின் மேல் மிதக்கும் நெய் போல. நிரந்தர ஐலைனரின் ஊசி இறங்குவது இவற்றின் வாசலில். சுரப்பி கெட்டால் கண்ணீர் சீக்கிரம் காய்கிறது, அதன் மேல் லேசிக் வறட்சியும் சேர்ந்தால் நாள் முழுக்கக் கண்ணில் மணல் கிடக்கும். லேசிக் செய்யப்போகிறவர், செய்தவர் இரண்டு பேருக்குமே இதை வேண்டாம் என்பேன். இலவசமாகக் கொடுத்தாலும்.

இன்னொரு அண்டை விஷயம்: புருவம் பிடிக்காமல் போய் அழிக்க நினைப்பது. இங்கேதான் தோழி பயந்த அந்த லேசர் நிஜமாகவே வருகிறது. புருவ நிறங்களில் பல இரும்பு ஆக்ஸைடு கொண்டவை; அழிக்கும் லேசர் பட்டதும் பழுப்பு மறைவதற்குப் பதில் சிலருக்குக் கருத்துவிடும். இரும்பின் வேதிநிலை மாறுவதால் வரும் வினை. தவிர, கண்ணுக்கு இவ்வளவு அருகில் அந்த லேசரை அடிக்கும்போது பாதுகாப்புக்காக இமைக்கு அடியில், கார்னியாவின் மேலேயே, உலோக மூடி வைப்பது உண்டு. மடல் இருக்கும் கண்ணில் அப்படி ஒன்றை வைக்கும் முன் லேசிக் செய்த மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டாக வேண்டும்.

சித்தி மகள் ஆடி முடிவதற்குள் முதல் அமர்வை வைத்துக்கொண்டாள். ஆடித் தள்ளுபடியில் பார்லரும் சேர்ந்திருந்தது அவளுக்குக் கூடுதல் சந்தோஷம். புரட்டாசியில் டச்சப். லேசிக் ஐப்பசிக் கடைசியில் என்று முடிவானது, தீபாவளி வெடிப்புகையெல்லாம் ஓய்ந்த பிறகு. தேதி எங்காவது இடித்தால் எதை விடுவது என்று கேட்டாள். புருவத்தை என்றேன்; அதைப் பென்சிலால் வரைந்துகொள்ளலாம்.

எதுவும் இடிக்கவில்லை. அறுவை முடிந்த அன்று ராத்திரி பிளாஸ்டிக் மூடியை நான்தான் வைத்து ஒட்டினேன். கன்னத்து டேப்பை ஒட்டிவிட்டு மேல் முனையைக் கொண்டுபோனபோது, இரண்டு கண்ணையும் மூடிக்கொண்டிருந்தவள் என் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினாள். "அக்கா, புருவத்துக்கு மேல தூக்கி ஒட்டு." ஆறி ஒன்றரை மாதம் ஆகிவிட்டது, டேப்பில் ஒன்றும் வராது என்றேன். கையை விடவில்லை. நெற்றி நடுவில் ஒட்டினேன்.